உச்சியில் பொழுது சாய்வது, இருட்டில் நட்சத்திரம்: கொங்கு மலைகளுக்கு வழிகாட்டியோடு போகிறவர்களுக்கு

கொங்குப் பக்கம் இருக்கிறவர்களுக்கு மலை ஒன்றும் அபூர்வம் கிடையாது. மொட்டை மாடியில் ஏறி நின்றால் ஏதாவது ஒரு திசையில் ஒரு மலை தெரியும், பஸ் ஏறினால் இரண்டு மூன்று மணி நேரத்தில் ஒரு கொண்டை ஊசி வளைவில் நிற்கலாம். அப்படியிருந்தும், "உச்சிக்குப் போய் பொழுது சாய்வதைப் பார்ப்போம், அப்புறம் அங்கேயே படுத்து நட்சத்திரம் பார்ப்போம்" என்று கிளம்புகிற கூட்டத்தில் நிறையப் பேர் கடைசியில் பார்த்துவிட்டு வருவது மேகத்தையும் நிலாவையும் சேலத்து லைட்டையும்தான். லீவு எப்போது என்று பார்த்து நாள் குறிக்கிறார்கள், ரீல்ஸில் வந்த பாறையை இடமாக வைத்துக்கொள்கிறார்கள், முதலில் போனை எடுத்த ஆளை வழிகாட்டியாகப் பிடிக்கிறார்கள். இந்த மூன்றையும் மாற்றிச் செய்தால் பாதி வேலை முடிந்தது.

சூரியனுக்கு ஓர் இடம், நட்சத்திரத்துக்கு வேறு இடம்

சூரியன் மறைவதைப் பார்க்க உயரம் வேண்டும், மேற்கே திறப்பு வேண்டும். நட்சத்திரம் பார்க்க உயரம் அவ்வளவு முக்கியமில்லை. இருட்டு வேண்டும், தலைக்கு மேலே மரம் மறைக்காத வானம் வேண்டும், காற்று அடிக்காத, பயமில்லாமல் இரண்டு மணி நேரம் படுத்துக்கிடக்கக்கூடிய தரை வேண்டும். இரண்டும் ஒரே பாறையில் கிடைத்தே ஆக வேண்டும் என்று அடம்பிடிப்பதில்தான் முக்கால்வாசிப் பயணங்கள் கெட்டுப்போகின்றன.

ஹவாய் தீவில் மௌனா கியா என்று 4200 மீட்டருக்கு மேல் உயரமான எரிமலை ஒன்று இருக்கிறது. உலகத்தின் பெரிய தொலைநோக்கிகளில் பல அதன் உச்சியில்தான் இருக்கின்றன. அங்கே காசு வாங்கிக் கூட்டிப்போகிற டூர்க்காரர்கள்கூட, உச்சியில் சூரியன் மறைந்ததும் ஆட்களை வேனில் ஏற்றி, சுமார் 2800 மீட்டரில் இருக்கிற பார்வையாளர் மையத்தின் உயரத்துக்கு இறங்கி வந்துதான் டெலஸ்கோப்பை விரிப்பார்கள். மேலே குளிர் தாங்காது, மூச்சு வாங்கும், ஆக்சிஜன் குறைந்தால் இருட்டில் கண்ணும் மங்கும். நம்ம மலைகளில் அந்த உயரம் இல்லை, அந்தத் தொந்தரவும் இல்லை. ஆனால் ஏற்பாடு நமக்கும் அப்படியே பொருந்தும், காரணம்தான் வேறு: நமக்கு இருட்டிய பிறகு உச்சியில் இருக்க முடியாததற்குக் காரணம் காடு.

காப்புக்காட்டுக்குள் அனுமதி இல்லாமல் நுழைவது குற்றம், ராத்திரியில் யாரையும் விடமாட்டார்கள். 2018 மார்ச் 11 அன்று தேனி பக்கம் குரங்கணியில் காட்டுத்தீயில் சிக்கி, மலையேறப் போன 20-க்கும் மேற்பட்டவர்கள் இறந்துபோனது பலருக்கு ஞாபகம் இருக்கும். அதே வருஷம் தமிழ்நாட்டில் மலையேற்றத்துக்கென்று தனியாக விதிகள் வந்தன. அப்புறம் 2024 அக்டோபரில் அரசே 'ட்ரெக் தமிழ்நாடு' என்று 40 பாதைகளைத் திறந்து, இணையத்தில் முன்பதிவு, உள்ளூர்ப் பழங்குடி இளைஞர்களில் பயிற்சி பெற்ற வழிகாட்டிகள் என்று ஒழுங்கு பண்ணியது. கோவை, சேலம், திருப்பூர் மாவட்டங்களிலும் அதில் பாதைகள் உண்டு. அவையெல்லாம் பகல் நடை, இருட்டுவதற்குள் கீழே வந்துவிட வேண்டும். தீப்பிடிக்கிற பருவத்தில், பிப்ரவரி பாதியிலிருந்து ஏப்ரல் வரைக்கும், மூடிவிடுவார்கள். ஆகவே "சார், நைட் ட்ரெக், பீக்ல டென்ட், நாங்க பாத்துக்கறோம்" என்று ஒருவர் சொன்னால், அது எந்த நிலத்தில், யாருடைய அனுமதியில் என்று கேளுங்கள். பதிலில் இழுவை தெரிந்தால் அங்கேயே விட்டுவிடலாம்.

அப்படியானால் செய்ய வேண்டியது இதுதான்: வண்டி போகிற உச்சி அல்லது மலை விளிம்பில் பொழுது சாய்வதைப் பார்ப்பது, அங்கிருந்து ஊருக்குள் இருக்கிற பட்டா நிலத்துக்கு, ஒரு தோட்டத்து வீட்டுக்கோ ஹோம்ஸ்டே களத்துக்கோ வந்து நட்சத்திரம் பார்ப்பது, அங்கேயே தங்குவது.

எந்த மலை

என்னைக் கேட்டால் கொல்லிமலைதான். அதற்குக் காரணம் அருவியும் இல்லை, 70 கொண்டை ஊசி வளைவும் இல்லை. அந்த மலை மேலே போனால் அப்படியே விரிந்து கிடக்கும். மிளகு, காபி, அன்னாசி, பலா, நெல் வயல்கூட உண்டு, ஊர் ஊராக மக்கள் வாழ்கிறார்கள். அதனால் ராத்திரி வானம் பார்க்கப் பட்டா நிலத்துக்குப் பஞ்சமே இல்லை. இன்னொன்று, மேற்கு விளிம்பில் நின்றால் கீழே சேந்தமங்கலம், நாமக்கல், ராசிபுரம் பக்கத்துச் சமவெளி முழுக்கத் தெரியும், பொழுது சாய்வதற்கு அருமையான இடம். ஆனால் அதே விளிம்பில் இருட்டிய பிறகு நின்றால் கீழே இருக்கிற ஊர்களின் வெளிச்சமெல்லாம் கண்ணில் அடிக்கும். அங்கிருந்து உள்ளே தள்ளி, செம்மேடு கடைத்தெருவையும் தாண்டி ஒரு தோட்டத்துக்குப் போய்விட்டால் மலையின் விளிம்பே சமவெளி லைட்டை மறைத்துவிடும். காரவள்ளியிலிருந்து மேலே ஏறும்போது வளைவு எண்ணிக்கொண்டே வருகிற பசங்களுக்கு வயிற்றைப் புரட்டும், வாந்தி மாத்திரையை மலை ஏற ஆரம்பிக்கும்போது போட்டால் பிரயோஜனம் இல்லை, அரை மணி நேரம் முன்னாலேயே போட வேண்டும். வளைவு ஆகாதென்றால் முள்ளுக்குறிச்சி வழியாக இன்னொரு பாதையும் இருக்கிறது. ஆடி 18 சமயத்தில் வல்வில் ஓரி விழாக் கூட்டம் இருக்கும், விழா பார்க்கப் போங்கள், நட்சத்திரம் பார்க்கப் போகாதீர்கள்.

ஏற்காடு சௌகரியமான மலை. சேலத்திலிருந்து 20 வளைவு, தங்குவதற்கு எல்லா விலையிலும் இடம். சேர்வராயன் கோயில் இருக்கிற மொட்டை உச்சிதான் அங்கே உயரமான இடம், 1600 மீட்டருக்கு மேல், பக்கத்து வரைக்கும் வண்டி போகும். லேடீஸ் சீட்டில் நின்றால் சேலம் நகரம் மொத்தமும் காலடியில் தெரியும், பொழுது சாய்ந்து லைட் ஒவ்வொன்றாக எரிவதைப் பார்க்க அழகாகத்தான் இருக்கும், ஆனால் அந்த அழகுதான் நட்சத்திரத்துக்கு எமன். தெற்கு வானத்தில் கால்வாசியைச் சேலம் தின்றுவிடும். ஏற்காட்டில் தங்குவதாக இருந்தால் சேலத்துக்கு முதுகு காட்டிய பக்கம் வீடு பிடியுங்கள். அப்புறம் "காபி எஸ்டேட்டுக்குள்ளே ஸ்டே" என்று போட்டிருப்பதைப் பார்த்து மயங்க வேண்டாம், காபிக்கு நிழல் வேண்டும் என்று சில்வர் ஓக் மரத்தை நெருக்கி நட்டிருப்பார்கள், அண்ணாந்தால் இலைதான் தெரியும். காபி காயப்போடுகிற களம் இருக்கிறதா என்று கேளுங்கள், அதுதான் நமக்கு வேண்டிய இடம்.

வால்பாறை, டாப்சிலிப் பக்கம் வானம் இவற்றையெல்லாம்விட நன்றாக இருக்கும், சந்தேகமே இல்லை. ஆனால் அது ஆனைமலைப் புலிகள் காப்பகம், யானையும் சிறுத்தையும் தேயிலைத் தோட்டத்துக்குள்ளேயே நடமாடுகிற ஊர். தங்குகிற விடுதியின் முற்றத்தை விட்டு இருட்டில் ஓர் அடி வெளியே வைக்கக் கூடாது. முற்றத்திலிருந்து பார்க்கிறேன் என்றால் சரி, போங்கள்.

வெள்ளியங்கிரியை இந்தக் கணக்கில் சேர்க்காதீர்கள். ராத்திரியில் ஏறுகிறார்களே என்று கேட்பீர்கள். அது பிப்ரவரியிலிருந்து மே வரைக்கும் மட்டும் திறக்கிற சாமி மலை, ஏழு மலையையும் மூங்கில் தடியை ஊன்றி ஏறுவது வேண்டுதல், டூர் கிடையாது. ஏறி இறங்கப் பல மணி நேரம் ஆகும், மூச்சுத் திணறியும் நெஞ்சு வலித்தும் இறந்தவர்கள் செய்தி ஒவ்வொரு சீசனிலும் வருகிறது. பக்தியோடு போகிறவர்கள் உடம்பைப் பரிசோதித்துக்கொண்டு போகட்டும்.

வீட்டில் வயசானவர்களையும் சின்னக் குழந்தைகளையும் வைத்துக்கொண்டு முதல்முறை முயற்சி செய்கிறவர்கள் சென்னிமலையிலோ சிவன்மலையிலோ ஒரு சாயங்காலம் ஒத்திகை பார்க்கலாம். சென்னிமலையில் 1320 படி, படி ஏற முடியாதவர்களுக்கு வண்டிப் பாதை. சாமி கும்பிட்டுவிட்டுப் பொழுது சாய்வதைப் பார்த்துவிட்டு இறங்கிவிடலாம். ஈரோடும் திருப்பூரும் பக்கத்தில் இருப்பதால் நட்சத்திரம் அவ்வளவாக எடுபடாது, குழந்தைகள் எவ்வளவு நேரம் பொறுமையாக இருக்கிறார்கள் என்று தெரிந்துகொள்ளலாம்.

நாள் பார்ப்பது

இதற்கு ஆப் எல்லாம் வேண்டாம், வீட்டுச் சுவரில் தொங்குகிற தினசரி காலண்டர் போதும். தேய்பிறை அஷ்டமியிலிருந்து அமாவாசை தாண்டி வளர்பிறை திருதியை வரைக்கும் உள்ள நாட்கள்தான் நமக்கு. தேய்பிறை அஷ்டமியன்று நிலா நடுராத்திரி வாக்கில்தான் எழும், அதற்குள் நாம் பார்க்க வேண்டியதைப் பார்த்துவிடலாம். அதற்கப்புறம் ஒவ்வொரு நாளும் முக்கால் மணி நேரத்துக்கு மேல் தள்ளித் தள்ளி எழும். வளர்பிறையில் இரண்டாம் பிறை, மூன்றாம் பிறை என்றால் பொழுது சாய்ந்த கொஞ்ச நேரத்தில் அதுவும் இறங்கிவிடும், மேற்கே மெல்லிய பிறையோடு போட்டோவும் நன்றாக வரும். பௌர்ணமியை ஒட்டிப் போவதாக இருந்தால் நட்சத்திரத்தை மறந்துவிட்டு நிலா வெளிச்சத்தில் மலையைப் பார்க்கத் தயாராகப் போங்கள். அதுவும் ஒரு சுகம்தான், ஆனால் டெலஸ்கோப்புக்குத் தனிக் காசு கட்டாதீர்கள்.

மாதம் என்று எடுத்தால் டிசம்பர் பாதியிலிருந்து பிப்ரவரி வரைக்கும் முதல் தரம். ஐப்பசி, கார்த்திகை மழை ஓய்ந்து காற்றுக் கழுவிவிட்டது போல இருக்கும். மார்கழி, தை மாதங்களில் பனி மூட்டம் விடியற்காலையில்தான் தொல்லை, முன்னிரவில் பெரும்பாலும் தெளிவு. மார்ச், ஏப்ரலில் புழுதியும் புகையும் சேர்ந்து அடிவானம் மங்கிக் கிடக்கும், சூரியன் மறைவதற்கு முன்னாலேயே அந்தப் புழுதிக்குள் காணாமல் போய்விடும். ஏப்ரல், மே கோடை மழைக்கு இடி மின்னல் கூடவே வரும். மொட்டை உச்சியில் இருக்கும்போது தூரத்தில் இடிச் சத்தம் கேட்டாலே இறங்கி வண்டிக்குள் உட்கார வேண்டும், மரத்தடியில் ஒதுங்கக் கூடாது. ஆனி, ஆடியில் பாலக்காட்டுக் கணவாய்க் காற்று கோவை, திருப்பூரையே ஆட்டுகிறது, மலை உச்சியில் கேட்கவே வேண்டாம்.

பொழுது சாய்கிற நேரமும் மாறும். நவம்பர் கடைசியில் கோவைப் பக்கம் ஆறு மணிக்கு முன்னாலேயே சூரியன் போய்விடும், ஜூன் கடைசியில் ஆறே முக்கால் ஆகும். திசையும் மாறும், இதைப் பலர் கவனிப்பதில்லை. மார்கழியில் சூரியன் நேர் மேற்கிலிருந்து 24 டிகிரி போலத் தெற்கே தள்ளி மறையும், ஆனி மாதத்தில் அதே அளவு வடக்கே. கோடையில் எடுத்த ரீல்ஸைப் பார்த்து டிசம்பரில் அதே பாறைக்குப் போனால் சூரியன் பக்கத்து மலைக்குப் பின்னால் போயிருக்கும்.

வழிகாட்டியிடம் என்ன கேட்க வேண்டும்

நல்ல வழிகாட்டி என்றால் டெலஸ்கோப் வைத்திருப்பவர் என்று நினைக்கிறார்கள். எனக்கு அதைவிட முக்கியம் அந்த மலைக்காரராக இருக்க வேண்டும், அல்லது அந்த மலைக்காரர் ஒருவரைக் கூட வைத்திருக்க வேண்டும். எந்தத் தடத்தில் சாயங்காலம் காட்டெருமை இறங்கும், எந்தத் தோட்டத்து நாய் கடிக்கும், மேகம் எந்தப் பக்கமிருந்து ஏறும் என்பதெல்லாம் அவர்களுக்குத்தான் தெரியும். "இல்லீங்க, இன்னிக்கு அந்தப் பக்கம் வேண்டாம்" என்று ஓர் அண்ணன் சொன்னால் ஏன் எதற்கு என்று வாதாடாமல் கேட்டுக்கொள்வது நல்லது. வானத்தைப் பற்றித் தெரிந்த ஆளும் மலையைப் பற்றித் தெரிந்த ஆளும் ஒரே ஆளாகக் கிடைத்தால் அதிர்ஷ்டம். இல்லாவிட்டால் மலை தெரிந்தவரைப் பிடியுங்கள், வானத்தை நாமே கற்றுக்கொள்ளலாம்.

பேசும்போது கேட்க வேண்டியவை: பொழுது சாய்கிற இடத்துக்கு வண்டி எதுவரை போகும், அதற்குமேல் எவ்வளவு நடை, திரும்பி வருகிற நடை இருட்டிலா வெளிச்சம் இருக்கும்போதா? நட்சத்திரம் பார்க்கிற இடம் யாருடைய நிலம், அங்கே தெருவிளக்கு இருக்கிறதா, பக்கத்து வீட்டில் எல்இடி பல்ப் ராத்திரி முழுக்க எரியுமா? நம்மோடு வேறு எத்தனை பேர் வருகிறார்கள்? பத்துப் பன்னிரண்டு பேருக்கு ஒரு டெலஸ்கோப் என்றால் வரிசையில் நின்றே நேரம் போய்விடும். மேகம் மூடிவிட்டால் என்ன ஏற்பாடு, காசில் பாதி திரும்புமா, இன்னொரு நாள் வரலாமா? இதை முன்பணம் கட்டுவதற்கு முன்னால் வாட்ஸ்அப்பில் எழுத்தாக வாங்கிக்கொள்ளுங்கள், வாயால் பேசியது வளைவு இறங்குவதற்குள் மாறிவிடும். பெண்கள் கூட வந்தால் பாத்ரூம் எங்கே என்று முதல் கேள்வியாகவே கேளுங்கள், கூச்சப்பட ஒன்றுமில்லை, இதற்குச் சரியான பதில் வைத்திருக்கிறவர் மற்றதையும் சரியாக வைத்திருப்பார்.

கேம்ப் ஃபயர், டிஜே, பார்பிக்யூ என்று பட்டியல் நீண்டால் அது வேறு வகைப் பயணம். அப்படி ஒரு குழுவோடு போய் மாட்டியிருக்கிறேன், சுற்றி ஃபோகஸ் லைட், நடுவில் ஸ்பீக்கர், அதற்கு நடுவில் ஒரு தம்பி பாவமாக டெலஸ்கோப்பைத் திருப்பிக்கொண்டிருந்தார். தீ மூட்டினால் கண்ணும் கெடும், காட்டுக்கும் ஆபத்து. தண்ணி அடிக்கிற கூட்டமா என்றும் கேட்டுக்கொள்ளுங்கள்.

வண்டி விஷயத்தில் ஒன்று. மலை ஓட்டிப் பழகாதவர் காரை எடுத்துக்கொண்டு வருவதைவிட, அடிவாரத்தில் விட்டுவிட்டு மலை வண்டிக்காரரை வைத்துக்கொள்வது நிம்மதி. எப்படியானாலும் நட்சத்திரம் பார்த்த அன்றைக்கே ராத்திரி இறங்குவது வேண்டவே வேண்டாம். திம்பம் மாதிரி சில மலைப் பாதைகளில் ராத்திரிப் போக்குவரத்துக்கே தடை உண்டு. தடை இல்லாத பாதையிலும் தூக்கக் கலக்கத்தில் வளைவு பிடிப்பது விளையாட்டு இல்லை.

எடுத்துக்கொண்டு போக வேண்டியது

ஆயிரம் மீட்டர் ஏறினால் ஆறு ஆறரை டிகிரி குளிரும் என்று வைத்துக்கொள்ளுங்கள். நாமக்கல்லில் சட்டையோடு கிளம்பினால் கொல்லிமலையில் ஸ்வெட்டர் தேடுவீர்கள், ஏற்காட்டில் மார்கழி ராத்திரி பல் தந்தி அடிக்கும். நடக்கும்போது தெரியாது, அசையாமல் இரண்டு மணி நேரம் படுக்கும்போதுதான் தெரியும். நமக்கு இதற்கெல்லாம் வெளியூர் பிராண்டு வாங்க அவசியமே இல்லை: கீழே ஒரு தார்ப்பாய், பனி ஈரம் ஏறாமல் இருக்க, அதற்கு மேல் பவானி ஜமக்காளம், போர்த்திக்கொள்ளச் சென்னிமலைப் போர்வை, தலைக்குக் குல்லா. நாற்காலியில் உட்கார்ந்து அண்ணாந்து பார்த்தால் பத்து நிமிஷத்தில் கழுத்து பிடித்துக்கொள்ளும், படுத்துதான் பார்க்க வேண்டும்.

டார்ச் ஆளுக்கு ஒன்று, அதன் வாயில் சிவப்புக் கண்ணாடித் தாளை இரண்டு மூன்று மடிப்பாக ரப்பர் பேண்ட் போட்டுக் கட்டிவிடுங்கள். நம் கண் இருட்டுக்கு முழுசாகப் பழக 20, 30 நிமிஷம் ஆகும், வெள்ளை வெளிச்சம் ஒரு நொடி பட்டாலும் மறுபடி முதலிலிருந்து. சிவப்பு வெளிச்சம் அவ்வளவாகக் கெடுக்காது. நடக்கும்போது மட்டும் வெள்ளை டார்ச்சைப் போட்டுக் கால் வைக்கிற இடத்தைப் பார்த்து நடங்கள், பாம்பு விஷயத்தில் கண்ணைவிடக் கால் முக்கியம். செருப்பு வேண்டாம், ஷூ.

பைனாகுலர் இருந்தால் கட்டாயம். 7x50 அல்லது 10x50 என்று போட்டிருப்பது வானத்துக்குச் சரியாக வரும். டெலஸ்கோப்பைவிடப் பலருக்கு இதில்தான் சந்தோஷம் அதிகம், ஏனென்றால் வரிசை கிடையாது.

சாப்பாட்டுக்குக் கட்டுச்சோறு. புளிச்சோறு, தயிர்ச்சோறு, இல்லாவிட்டால் அரிசிம்பருப்புச் சாதமே போதும். பிளாஸ்க்கில் சுக்குக் காபி. எச்சில் இலையும் பையும் திரும்பி வர வேண்டும், காட்டெருமைக்கும் குரங்குக்கும் விருந்து வைத்துவிட்டு வரக் கூடாது.

அந்தச் சாயங்காலம்

பொழுது சாய்வதற்கு முக்கால் மணி நேரம் முன்னால் இடத்தில் இருங்கள். மேகமே இல்லாத வானத்தைவிட, உயரத்தில் பஞ்சு பிரித்த மாதிரி மேகம் கொஞ்சம் இருந்தால்தான் நிறம் கொட்டும். அடிவானத்தில் கெட்டியாக ஒரு மேகச் சுவர் நின்றால் நம்பிக்கையைக் குறைத்துக்கொள்ளலாம்.

எல்லாரும் மேற்கே பார்த்துப் போன் நீட்டிக்கொண்டிருக்கும்போது நீங்கள் ஒரு தடவை திரும்பிக் கிழக்கே பாருங்கள். சூரியன் இறங்க இறங்க நாம் நிற்கிற மலையின் நிழல் கிழக்குப் பக்கத்துச் சமவெளியில் நீண்டுகொண்டே போகும், காற்றில் லேசான மூட்டம் இருந்தால் அது முக்கோணமாக எழுந்து நிற்பதுபோலத் தெரியும். சூரியன் மறைந்து சில நிமிஷத்தில் கிழக்கு அடிவானத்தில் சாம்பல் நீலத்தில் ஒரு பட்டை எழும், அதற்கு மேலே இளஞ்சிவப்பில் இன்னொன்று. அந்த நீலப் பட்டைதான் பூமியின் நிழல்.

சூரியன் மறைந்ததும் கை தட்டிவிட்டுக் கூட்டம் கலைந்துவிடும். நமக்கு அது வசதி. வானம் முழுசாக இருட்ட நம்ம ஊரில் இன்னும் ஒன்றேகால் மணி நேரம் போல ஆகும், அந்த வெளிச்சம் தீர்வதற்குள் வண்டிக்கு வந்து, தங்குகிற இடத்துக்குப் போய், சாப்பிட்டுவிட்டு, வீட்டுக்காரரிடம் சொல்லி வெளி லைட்டையெல்லாம் அணைத்துவிட்டுப் படுத்துவிட வேண்டும். நேரம் சரியாகப் பொருந்தும்.

வானத்தில் என்ன தேடுவது

முதலில் பஞ்சாங்கத்தில் தெரிந்த பெயர்களை நேரில் பாருங்கள். ஜனவரி, பிப்ரவரியில் இருட்டியதும் தலைக்கு மேலே ஒரு சின்னக் கொத்து தெரியும், அதுதான் கார்த்திகை. எத்தனை என்று வெறுங்கண்ணில் எண்ணிவிட்டு, அப்புறம் பைனாகுலரில் பாருங்கள். பக்கத்தில் சிவந்து நிற்பது ரோகிணி. கிழக்கே மூன்று நட்சத்திரம் ஒரே வரிசையில் இடுப்புக் கச்சை போல நிற்க, அதன் வடக்குத் தோளில் சிவப்பாக இருப்பது திருவாதிரை. கச்சைக்குக் கீழே மங்கலாகத் தெரிகிற புகைத் திட்டுதான் ஓரியன் நெபுலா, புது நட்சத்திரங்கள் பிறந்துகொண்டிருக்கிற மேகம், சாதாரண டெலஸ்கோப்பிலேயே அருமையாகத் தெரியும். பிப்ரவரி, மார்ச்சில் எட்டு மணி வாக்கில் தெற்கே தாழப் பளிச்சென்று ஒன்று நிற்கும், அகத்தியர் நட்சத்திரம். டெல்லிக்காரர்களுக்கு அது அடிவானத்தை ஒட்டித்தான் தெரியும், நமக்கு நன்றாக மேலே ஏறி வரும். வடக்கே துருவ நட்சத்திரத்தைத் தேடினால் 11 டிகிரி உயரத்தில்தான் இருக்கும், எதிரே ஒரு குன்று இருந்தால் போச்சு. ஏப்ரல் கடைசியில் போகிறவர்கள் ராத்திரி பத்து மணிக்குத் தெற்கே தென்சிலுவையைப் பார்க்கலாம். வடக்கே சப்தரிஷி மண்டலத்தின் வாலில் இரண்டாவதாக இருக்கிற வசிட்டரையும் ஒட்டி நிற்கிற அருந்ததியையும் கல்யாணத்தில் பகல் வெயிலில் கை காட்டியதோடு விட்டிருப்பீர்கள், இங்கே உண்மையாகவே பார்த்துவிடலாம்.

டிசம்பர் 13, 14 ராத்திரிகளில் ஜெமினிட் எரிகல் மழை உச்சத்தில் இருக்கும். அமாவாசையை ஒட்டி அமைந்தால் அந்த நாளுக்கே முன்பதிவு செய்யுங்கள். அதற்கு டெலஸ்கோப் வேண்டாம், போர்வை போதும்.

டெலஸ்கோப்பில் சனியின் வளையம் கடுகு அளவில்தான் தெரியும், ஆனால் வளையம் தெரியும். வியாழனும் அதன் நான்கு நிலாக்களும் ஒரே கோட்டில் தெரியும். நெபுலா எல்லாம் சாம்பல் நிறத்தில்தான் இருக்கும், போட்டோவில் வருகிற சிவப்பும் நீலமும் கண்ணுக்கு வராது. இதை முன்னாலேயே பசங்களுக்குச் சொல்லி வையுங்கள். வழிகாட்டி பச்சை லேசரைக் காட்டி விளக்கினால் குழந்தைகள் அதைப் பிடுங்கி விளையாட விடாதீர்கள், கண்ணில் பட்டால் பார்வைக்கு ஆபத்து, விமானத்தின் பக்கம் காட்டவே கூடாது.

போனில் எடுக்க ஸ்டாண்ட் இருந்தால் போதும், நைட் மோடில் பத்து முதல் முப்பது நொடி, டைமர் வைத்துக் கையை எடுத்துவிட வேண்டும். முதலில் கண்ணால் பார்த்துவிட்டு அப்புறம் எடுங்கள், ஏனென்றால் திரை வெளிச்சம் பட்ட கண்ணுக்கு மறுபடி அரை மணி நேரம் வேண்டும். பால்வீதியின் தடிமனான நடுப்பகுதி வேண்டும் என்று கேட்கிறவர்களுக்கு: ஜூன், ஜூலையில் அது முன்னிரவில் வரும், ஆனால் மேகம் விடாது. மார்ச்சில் விடியற்காலை நான்கு மணிக்குத் தென்கிழக்கே நன்றாக எழுந்திருக்கும். ராத்திரி தங்கச் சொல்வதற்கு இதுவும் ஒரு காரணம். அலாரம் வைத்துவிட்டு ஒன்பதரைக்குத் தூங்கிவிடலாம். முன்னிரவில் மேகம் மூடியிருந்தாலும் மனம் தளராமல் அலாரம் வையுங்கள், பத்து மணிக்கு மூடிய வானம் மூன்றரைக்குத் திறந்துகொள்வது மலையில் சகஜம்.

காலையில் அவசரமாக இறங்க வேண்டாம், மூட்டம் விலக எட்டு மணி ஆகிவிடும். செம்மேட்டிலோ சோளக்காட்டிலோ சந்தை நாளாக இருந்தால் மிளகும் மலை வாழைப்பழமும் வாங்கிக்கொள்ளலாம். இறங்கும்போது எந்த கியரில் ஏறினீர்களோ அதே கியரில் இறங்குங்கள், மேலே ஏறுகிற வண்டிக்கு வழி விடுங்கள். பிரேக்கை மிதித்துக்கொண்டே வந்து கருகல் வாசனை அடித்தால் அகலமான வளைவில் ஓரம் கட்டி, ஆறுகிற வரை நிறுத்திவிட்டு அப்புறம் கிளம்புங்கள்.